பொள்ளாச்சித் தோப்பிலும் புகார்க் குழு வேண்டும்



வாளையாரைத் தாண்டினால் கேரளம். அங்கே நடிகைகளும் பெண் தொழில்நுட்பக் கலைஞர்களும் 2017-ல் 'விமன் இன் சினிமா கலெக்டிவ்' அமைப்பைத் தொடங்கினார்கள். அவர்கள் விடாமல் கேட்டதால்தான் மலையாள சினிமாவில் பெண்களின் நிலையை ஆராய ஹேமா கமிட்டியே வந்தது. 2019 இறுதியில் கொடுத்த அறிக்கை 2024 ஆகஸ்டில்தான் வெளியானது. படப்பிடிப்பில் கழிப்பறையும் உடை மாற்ற இடமும் இல்லை என்று அதில் படித்தபோது மனசு கொதித்தது. பொள்ளாச்சி, கோபி பக்கம் தென்னந்தோப்பிலும் வாய்க்கால் மேட்டிலும் படப்பிடிப்புக்காக நாள் முழுக்க நிற்கும் துணை நடிகைகள் எங்கே போவார்கள்? பாதுகாப்பும் வேண்டும்: பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் பாலியல் தொல்லையை விசாரிக்க உள்ளகப் புகார்க் குழு கட்டாயம் என்பது 2013-ஆம் ஆண்டுச் சட்டம். சினிமாவோ சீரியலோ, அந்தக் குழுவின் தொலைபேசி எண்ணைத் தளத்தில் ஒட்டாதவர்களுக்கு மாவட்ட நிர்வாகம் அனுமதி தரக் கூடாது. சென்ட்ரல் ஸ்டுடியோவும் பட்சிராஜா ஸ்டுடியோவும் இருந்த கோவையிலேயே பெண் கலைஞர்கள் சங்கம் ஒன்று தொடங்கட்டும்.

– ஒரு வாசகி, சிங்காநல்லூர், கோவை