போர்ட்டல் 2 வாங்கியவன் எத்தனை வாங்கினான்?

"அண்ணன் போர்ட்டல் 2 வாங்கினான்."

இந்த வாக்கியத்தைப் படித்துவிட்டு, அண்ணன் கையில் எத்தனை டிஸ்க் இருக்கிறது என்று யாராவது சொல்லுங்கள் பார்ப்போம். 2011-ல் வந்த 'போர்ட்டல் 2' கேமில் ஒன்று வாங்கினானா? இல்லை, 2007-ல் வந்த 'போர்ட்டல்' கேமில் தனக்கு ஒன்று, தம்பிக்கு ஒன்று என்று இரண்டு வாங்கினானா? எழுதியவனுக்குத் தெரியும். படிக்கிறவன் குறி கேட்கத்தான் போக வேண்டும்.

பி.காம். முதல் வருஷத்தில் ஸ்டாக் ரெஜிஸ்டரை இப்படி எழுதிக் கொடுத்தால் மார்க் போய்விடும். சரக்கின் பெயருக்கு ஒரு கட்டம், எண்ணிக்கைக்கு ஒரு கட்டம், நடுவில் ஒரு கோடு. வாக்கியத்தில் அந்தக் கோட்டின் வேலையைச் செய்வது இரண்டே இரண்டு ஒற்றை மேற்கோள் குறிகள்தான். பைசா செலவில்லை. ஆனால் கேம் பற்றித் தமிழில் எழுதுகிறவர்களில் பாதிப் பேருக்கு அந்தக் குறி போட மட்டும் கை வர மாட்டேன் என்கிறது.

இதே கை சினிமாவைப் பற்றி எழுதும்போது தானாகவே போடுகிறது என்பதுதான் வேடிக்கை. 'நாயகன்' படத்தில் நாயகன் அழும் காட்சி என்று எழுதும்போது எந்த நாயகன் படம், எந்த நாயகன் ஆள் என்று யாருக்கும் குழப்பம் வருவதில்லை. புத்தகப் பெயருக்கும் போடுகிறார்கள், பத்திரிகைப் பெயருக்கும் போடுகிறார்கள். அடுத்த பத்தியில் கேம் வந்துவிட்டால் ஹாலோ, டூம், லிம்போ என்று சோப்பு, பேஸ்ட், பிஸ்கட் வரிசையில் அடுக்கிவிட்டுப் போய்விடுகிறார்கள். அண்ணாச்சி கடை பில்லில் சோப்பின் பெயருக்கு யாரும் மேற்கோள் போடுவதில்லை, போடவும் வேண்டாம். அது சரக்கு. 'நாயகன்' படைப்பு. இந்த வித்தியாசத்தைத்தான் அந்தச் சின்னக் குறி சத்தமில்லாமல் சொல்லிக்கொண்டிருக்கிறது. குறியை விட்டுவிட்டு எழுதுகிறவன், கேம் சோப்பு அலமாரியைச் சேர்ந்தது என்று தன்னையறியாமல் கையெழுத்துப் போட்டுக் கொடுக்கிறான். கேமை உயிராக நேசிக்கிற ஆட்களே இதைச் செய்வதுதான் வயிற்றெரிச்சல்.

ஆங்கிலத்தில் இந்த விவகாரம் ஏறக்குறைய தீர்ந்துவிட்டது. அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனத்தின் நடைக் கையேடு முன்பு, புத்தகம், திரைப்படம் மாதிரியே கம்ப்யூட்டர் கேம் பெயருக்கும் மேற்கோள் குறி போடச் சொன்னது. அதே கையேடு வின்டோஸ் போன்ற மென்பொருள் பெயர்களுக்கு மேற்கோள் வேண்டாம் என்கிறது. இரண்டுமே கம்ப்யூட்டரில் ஓடுகிற புரோகிராம்தான். ஆனால் ஒன்று கருவி, இன்னொன்று படைப்பு. சிகாகோ கையேடு மேற்கோளுக்குப் பதில் சாய்வெழுத்து என்கிறது, திரைப்படத்துக்குப் போடுவது போலவே. ஆங்கில விக்கிப்பீடியாவும் சாய்வெழுத்துதான். ஆனால் சதுரங்கத்தையும் சீட்டாட்டத்தையும் அங்கே சாய்ப்பதில்லை. அவற்றை யாரோ ஒரு குழு உட்கார்ந்து எழுதி, ஒரு பெயர் வைத்து, ஒரு தேதியில் வெளியிடவில்லையே! குறி எதுவாகவும் இருக்கட்டும், குறி வேண்டும் என்பதில் சிகாகோவுக்கும் விக்கிப்பீடியாவுக்கும் சண்டையே இல்லை.

"கேம்தானே, இதுக்குப் போய் இலக்கணமா?" என்று கேட்பவர்களுக்கு ஒரு பழைய வழக்கை ஞாபகப்படுத்தலாம். வன்முறை நிறைந்த கேம்களைச் சிறுவர்களுக்கு விற்கக் கூடாது என்று கலிஃபோர்னியா மாநிலம் 2005-ல் ஒரு சட்டம் போட்டது. வழக்கு அமெரிக்க உச்ச நீதிமன்றம் வரை போய், 2011 ஜூனில் 7-க்கு 2 என்ற கணக்கில் சட்டம் செல்லாது என்று தீர்ப்பானது. புத்தகமும் நாடகமும் திரைப்படமும் எப்படிக் கருத்தைச் சொல்கின்றனவோ, அப்படியே கேமும் சொல்கிறது, ஆகவே அவற்றுக்கு உள்ள பாதுகாப்பு இதற்கும் உண்டு என்பதுதான் தீர்ப்பின் அடித்தளம். அடுத்த வருஷமே நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகம் 'பேக்-மேன்', 'டெட்ரிஸ்' உள்பட 14 கேம்களைத் தன் சேகரிப்பில் சேர்த்தது. நீதிபதியும் அருங்காட்சியகமும் ஒப்புக்கொண்டதைத் தமிழில் எழுதுகிற ரசிகன் ஒப்புக்கொள்ள மாட்டேன் என்றால் எப்படி?

இதற்கு நேர் எதிர்க்கோடியில் இன்னொரு கூட்டம் இருக்கிறது. இவர்கள் பக்தர்கள். கம்பெனி பெட்டியில் எப்படிப் போட்டிருக்கிறதோ, அப்படியே புள்ளி விடாமல் எழுத வேண்டும் என்பார்கள். 2005-ல் வந்த 'ஃபியர்' கேமின் லோகோவில் ஒவ்வோர் எழுத்துக்குப் பின்னும் ஒரு புள்ளி உண்டு. நான்கு வார்த்தைகளின் முதலெழுத்தாம். ஆகவே தமிழிலும் எஃப்.ஈ.ஏ.ஆர். என்று எழுத வேண்டுமாம்! யாராவது அந்த கேமை வாயால் அப்படிச் சொல்லிக் கேட்டதுண்டா? 2011-ல் மூன்றாம் பாகம் வந்தபோது கம்பெனி ஒரு படி மேலே போய், ஈ எழுத்தை எடுத்துவிட்டு அந்த இடத்தில் 3 என்ற எண்ணை வைத்தது. பக்தர்கள் அதையும் தமிழில் எஃப்.3.ஏ.ஆர். என்று எழுத வேண்டியதுதான். ஏதோ ரேஷன் கார்டு நம்பர் மாதிரி இருக்கும் :-) 'தீஃப்' வரிசையின் நான்காம் கேமை 2009-ல் அறிவித்தபோதும் இதே போல் நடுவில் ஒரு 4 நுழைத்திருந்தார்கள். 2014-ல் வெளியாகும்போது அவர்களே வெட்கப்பட்டோ என்னவோ, வெறும் 'தீஃப்' என்று வைத்துவிட்டார்கள்.

'டெட்ரிஸ்' கதை இன்னும் பழசு. சோவியத் யூனியனில் பிறந்த கேம் என்று காட்டிக்கொள்ள, 1980களின் கடைசியில் அமெரிக்காவில் விற்ற சில பதிப்புகளின் லோகோவில் ஆர் எழுத்தைத் திருப்பிப் போட்டார்கள். அது ரஷ்ய எழுத்துப் போலத் தெரியும். உண்மையில் ரஷ்ய மொழியில் அந்த எழுத்துக்கு 'யா' என்று உச்சரிப்பு. ரஷ்யன் ஒருவன் படித்தால் டெட்யாயிஸ் என்றுதான் வரும். லோகோ என்பது கடையின் போர்டு. பெயர்ப் பலகையில் சீரியல் பல்பு தொங்கவிட்டிருந்தால் முகவரி எழுதும்போது பல்பையுமா எழுதுவார்கள்?

வணிகக்குறியாயிற்றே, சட்டச் சிக்கல் வராதா என்று சிலருக்குப் பயம். இந்தியாவின் 1999-ஆம் வருஷத்து வணிகக்குறிகள் சட்டம் அத்துமீறல் என்று சொல்வது, ஒருவன் குறியை இன்னொருவன் வியாபாரப் போக்கில் பயன்படுத்துவதை. விமர்சனம் எழுதியவன் புள்ளி வைத்தானா, விட்டானா என்று எண்ணிப் பார்ப்பது அதன் வேலை இல்லை. (சொந்தமாக வளர்த்த பிராண்டை பேலன்ஸ் ஷீட்டில் சொத்தாகக் காட்ட ஏ.எஸ். 26 கணக்கியல் தரமே விடுவதில்லை. அடுத்தவன் பிராண்டுக்கு வாக்கியத்தில் இவ்வளவு மரியாதை எதற்கு?)

அப்படியானால் இஷ்டத்துக்கு எழுதலாமா என்றால், அதுவும் இல்லை. வாயால் சொல்லும்போது காதுக்குக் கேட்பதை எழுத வேண்டும், லோகோவில் கண்ணுக்கு மட்டும் தெரிவதை விட்டுவிட வேண்டும். இந்த ஒரு அளவுகோல் போதும். உக்ரைன் கம்பெனி ஒன்று 2007-ல் வெளியிட்ட 'ஸ்டாக்கர்: ஷேடோ ஆஃப் செர்னோபில்' கேமை எடுத்துக்கொள்ளுங்கள். ஸ்டாக்கர் என்பதிலும் எழுத்துக்கு எழுத்து புள்ளி இருக்கிறது. காதுக்குக் கேட்காது, விட்டுவிடலாம். முக்காற்புள்ளி இருக்கிறது. சொல்லும்போது அங்கே ஒரு நிறுத்தம் வருகிறது, வைக்க வேண்டும். இனிதான் முக்கியமானது. 2024-ல் வந்த இரண்டாம் பாகத்துக்கு முதலில் 'ஹார்ட் ஆஃப் செர்னோபில்' என்றுதான் பெயர் இருந்தது. 2022-ல் ரஷ்யா படையெடுத்த பிறகு, ரஷ்ய உச்சரிப்பைத் தள்ளிவிட்டு உக்ரைனிய உச்சரிப்பில் 'ஹார்ட் ஆஃப் சோர்னோபில்' என்று மாற்றினார்கள். மாறியது ஒரே ஒரு எழுத்து. ஆனால் காதுக்குக் கேட்கிறது, அதன் பின்னால் ஒரு போரும் இருக்கிறது. அலங்காரப் புள்ளியைத் தூக்கிச் சுமக்கிற பக்தர்கள் பலர் இந்த எழுத்தைக் கோட்டை விட்டுவிட்டு, இரண்டு பாகத்துக்கும் ஒரே மாதிரி செர்னோபில் என்று எழுதிக்கொண்டிருக்கிறார்கள்.

2013-ல் வந்த 'பேப்பர்ஸ், ப்ளீஸ்' கேமில் உள்ள காற்புள்ளியும் இந்த ரகம்தான். எல்லைச் சாவடி அதிகாரி ஆவணங்களைக் கேட்கும்போது விடுகிற அந்த மூச்சுதான் காற்புள்ளி. அதை எடுக்கக் கூடாது. எடுக்காமல் மேற்கோளும் போடாமல் எழுதிப் பாருங்கள்: "அவனுக்குப் பிடித்த கேம்கள் லிம்போ, பேப்பர்ஸ், ப்ளீஸ், இன்சைட்." மூன்று கேம் நான்காகிவிட்டது.

இங்கே தமிழுக்கு என்று தனியாக ஒரு சங்கடம் உண்டு. ஆங்கிலத்தில் மேற்கோள் மறந்தாலும் பெரிய எழுத்து காப்பாற்றிவிடும். தமிழில் பெரிய எழுத்து, சின்ன எழுத்து கிடையாது. (அதனால் ஒரு லாபமும் இருக்கிறது. 'டோட்டா' என்பதன் கடைசி எழுத்து பெரியதா சின்னதா என்று ஆங்கிலத்தில் நடந்த சண்டை தமிழுக்கு வரவே வராது.) சாய்வெழுத்தும் உதவாது. பெரும்பாலான தமிழ் எழுத்துருக்களுக்கு என்று வரைந்த சாய்வு வடிவம் இல்லை. மென்பொருள் அப்படியே பிடித்துத் தள்ளிச் சாய்க்கிறது, கொம்பும் காலும் பக்கத்து எழுத்தின் மேல் விழுகின்றன. ஆகவே மிச்சம் இருப்பது ஒற்றை மேற்கோள் ஒன்றுதான்.

அந்த மேற்கோளை எங்கே மூடுவது? 'ஹாலோ'வை விளையாடினான் என்று சுலபமாக எழுதிவிடலாம். 'போர்ட்டல்' வந்தால்? போர்ட்டலை என்னும்போது கடைசி லை எழுத்தில் பெயரின் ல் பாதி, வேற்றுமை உருபின் ஐ பாதி. ஒரு எழுத்தின் நடு வயிற்றில் குறியைச் செருக முடியாது. 'போர்ட்டலை' என்று மூடினால் உருபும் பெயரோடு உள்ளே மாட்டிக்கொள்கிறது. 'போர்ட்டல்'ஐ என்றால் தெற்றுப்பல். பலர் மேற்கோளையே கைவிடுவதற்கு நிஜக் காரணம் இந்தச் சள்ளைதான் என்று தோன்றுகிறது. ஆனால் விடையைச் சினிமா விமர்சனங்கள் எப்போதோ கண்டுபிடித்து வைத்திருக்கின்றன: 'நாயகன்' படத்தை, 'நாயகன்' படத்தில். உருபைத் தாங்க ஒரு பொதுச்சொல். 'போர்ட்டல்' கேமை, 'போர்ட்டல் 2' கேமில். கேம் பிடிக்காதவர்கள் ஆட்டம் என்றோ விளையாட்டு என்றோ எழுதட்டும்.

எண்ணை மட்டும் யாரும் தொடக் கூடாது. அது பெயரின் உறுப்பு. 'ஃபைனல் ஃபேன்டஸி' வரிசையில் நடுவில் சில பாகங்கள் அப்போது அமெரிக்காவுக்கு வரவில்லை. அதனால் ஜப்பானின் நான்காம் பாகம் 1991-ல் அங்கே 2 என்ற எண்ணோடும், ஆறாம் பாகம் 1994-ல் 3 என்ற எண்ணோடும் விற்றன. 1997-ல் ஏழாம் பாகம்தான் சொந்த எண்ணோடு வந்தது. பழைய ஆங்கிலப் பத்திரிகையைப் பார்த்து ஒருவர் 3 என்று எழுத, இன்னொருவர் ஜப்பானின் 3 என்று நினைத்துச் சண்டைக்கு வர, இரண்டு பேரும் வேறு வேறு கேமைப் பற்றிப் பேசிக்கொண்டிருப்பார்கள். எந்த நாட்டு எண் என்று ஒரு வார்த்தை சேர்த்தால் தீர்ந்தது. ரோமன் எண்ணைத் தமிழில் சாதா எண்ணாக எழுதுவதில் தப்பே இல்லை, காதுக்கு இரண்டும் ஒன்றுதான்.

தமிழ்ப் பற்றில் பெயரையே மொழிபெயர்க்கிறவர்களும் உண்டு. 2012-ல் வந்த 'ஜர்னி' கேமை 'பயணம்' என்று எழுதுகிறார்கள். தேடுகிறவனுக்குக் கிடைப்பது 2011-ல் வந்த ராதாமோகன் படம்! பெயரை மாற்றுகிற உரிமை வைத்தவர்களுக்குத்தான். ஜப்பானில் 'பயோஹஸார்ட்' என்று விற்றதை அமெரிக்காவில் 'ரெசிடென்ட் ஈவில்' என்று மாற்றியது அதே கம்பெனி. மற்றவர்கள் வேண்டுமானால் அர்த்தத்தை ஒரு தடவை பக்கத்தில் சொல்லிவிட்டுப் போகலாம்.

காது அளவுகோலும் தடுமாறுகிற இடங்கள் உண்டு. 2021-ல் வந்த ஒரு கேமின் முழுப்பெயர் 'நியர் ரெப்ளிகன்ட் வெர்.1.22474487139...' என்பது. அந்த எண் 1.5-இன் வர்க்கமூலம், கடைசி மூன்று புள்ளிகளும் பெயரில் சேர்த்தி. முதல் தடவை முழுதாக எழுதிவிட்டு, பிறகு எல்லாரும் சொல்வது போல 'நியர் ரெப்ளிகன்ட்' என்றால் போதும். 2009-ல் வந்த 'கிங்டம் ஹார்ட்ஸ் 358/2 டேஸ்' அதைவிட மோசம். அதை த்ரீ ஃபைவ் எய்ட் டேஸ் ஓவர் டூ என்று படிக்க வேண்டுமாம், கடைசியில் எழுதியிருக்கிற டேஸ் படிக்கும்போது நடுவில் வந்து உட்காருகிறது. இதில் காதைத் தூக்கி ஓரமாக வைத்துவிட்டு, பெட்டியில் உள்ளபடி எழுதுவதைத் தவிர வழியில்லை. அண்ணன் இதிலும் தனக்கொன்று தம்பிக்கொன்று வாங்கியிருந்தால்?

'கிங்டம் ஹார்ட்ஸ் 358/2 டேஸ்' 2 வாங்கினான்.