தேமாவும் வேண்டும், புளிமாவும் வேண்டும்

யாப்பிலக்கணத்தில் நாம் முதலில் கற்கும் வாய்பாடு தேமா, புளிமா. நேர் நேர் தேமா. நிரை நேர் புளிமா. சீருக்குப் பெயர் தேடிய நம் இலக்கண ஆசிரியர்கள் மாமரத்தடிக்குச் சென்று, இனிப்பதில் ஒன்றும் புளிப்பதில் ஒன்றும் எடுத்து வந்தனர். இரண்டில் ஒன்றை விலக்கினால் செய்யுள் நடவாது. நம் தோட்டங்களுக்கும் இதுவே விதி என்பது என் கருத்து.

சேலத்துக்கு மாங்கனி நகரம் என்று பெயர். ஆட்டையாம்பட்டிக்கு முறுக்கு எப்படியோ, சேலத்துக்கு மாம்பழம் அப்படி. மல்கோவா, இமாம்பசந்த், செந்தூரா, குண்டு, நடுசாலை, பெங்களூரா என்று கோடைதோறும் கடைகளில் குவியும் கனிகளை நாம் அனைவரும் அறிவோம். ஆனால் வரப்போரத்திலும் கிணற்றடியிலும் தானே முளைத்து நிற்கும் நாட்டு மாமரத்துக்கு என்ன பெயர்? பெயரில்லை. மாவடுவுக்கும் ஊறுகாய்க்கும் வற்றலுக்கும் அதைத் தேடிப் போகிறோம். தோரணத்துக்கு அதன் இலையைப் பறிக்கிறோம். வீடு கட்டவோ சாலையை அகலப்படுத்தவோ இடம் வேண்டுமென்றால் மட்டும், "புளிக்கிற மரம்தானே!" என்று சொல்லி முதலில் அதைத்தான் வெட்டுகிறோம். இது சரியா?

முந்திரி, சேராங்கொட்டை, ஒதியமரம் ஆகியவை மாமரத்தின் குடும்பத்தைச் சேர்ந்தவை. 1753ஆம் ஆண்டு லின்னேயஸ் என்னும் அறிஞர் இதற்கு மாஞ்சிஃபெரா இண்டிகா என்று பெயரிட்டார். 'மாங்காயைத் தாங்குவது' என்பது முதற்சொல்லின் பொருள். போர்த்துக்கீசியர் தென்னிந்தியக் கரையில் கேட்டுச் சென்ற நம்முடைய சொல்லே அதனுள் ஒளிந்திருக்கிறது. இப்பேரினத்தில் 60க்கும் மேற்பட்ட இனங்கள் உண்டு. அவற்றுள் பல மலேயா, சுமத்ரா, போர்னியோ காடுகளில் வளர்கின்றன. உலகம் விரும்பி உண்பதோ பெரும்பாலும் நம் மாவைத்தான்.

மல்கோவாவின் கொட்டையை நட்டால் மல்கோவா வருமா? வராது. மேற்குக் கடற்கரையின் சில வகைகளைத் தவிர, நம் நாட்டு மாங்கொட்டை ஒவ்வொன்றிலும் ஒரு புதுக்கலப்புக் கருவே இருக்கிறது. தாயைப் போலவே பிள்ளை அமைவதில்லை. அதனால்தான் ஒட்டுக் கட்டுகிறோம். ஒட்டுக் கட்டுவதற்கு வேருள்ள கன்று வேண்டுமே, அது எது? நாட்டு மாங்கொட்டையிலிருந்து முளைத்த கன்றுதான்! மேலே மல்கோவாவின் கிளை. கீழே பெயரற்ற புளிமாவின் வேர். நம் ஊரின் புகழ் யார் தோளில் நிற்கிறது என்பதைத் தோழியர் எண்ணிப் பார்க்க வேண்டும்.

இன்னொன்றும் உண்டு. புகழ்பெற்ற பழைய மா வகைகள் பலவும் முதலில் தற்செயலாய் முளைத்த கொட்டை மரங்களே. லக்னோ அருகே தசேரி என்னும் சிற்றூரில் முளைத்த ஒரு மரமே தசேரி மாம்பழத்தின் தாய்மரம். அதை நம் நீலத்துடன் கலந்து, டெல்லியிலுள்ள இந்திய வேளாண்மை ஆராய்ச்சி நிறுவனம் மல்லிகா, ஆம்ரபாலி என்னும் வகைகளை உருவாக்கியது. கொட்டை மரங்களே இல்லாமற்போனால் நாளைய தசேரி எங்கிருந்து பிறக்கும்?

ஒட்டு மரங்களோ ஒன்றின் நகல்கள். ஆயிரம் மரம் நின்றாலும் அவை ஒரு தாய்மரத்தின் கிளைகளே. ஒரு நோய் ஒன்றை வீழ்த்துமானால் மற்றவற்றையும் வீழ்த்தக்கூடும். கடந்த நூற்றாண்டில் உலகச் சந்தையை ஆண்ட கிராஸ் மிஷேல் என்னும் வாழைக்கு நேர்ந்தது இதுவே. எங்கும் ஒரே வகையாய் நின்றதால் பனாமா வாடல் நோய் தோட்டம் தோட்டமாய் அதை அழித்தது. 1960ஆம் ஆண்டையொட்டி வணிகர்கள் அதைக் கைவிட்டு வேறு வாழைக்கு மாறினர்.

"விதையைச் சேமித்து வைத்தால் போதாதா?" என்று கேட்கலாம். நார்வே நாட்டின் ஸ்வால்பார்டில் 2008ஆம் ஆண்டு திறக்கப்பட்ட குளிர்க் களஞ்சியத்தில் நெல்லும் கோதுமையும் உறங்குகின்றன. மாங்கொட்டை அப்படி உறங்காது. உலர்ந்தாலும் உறைந்தாலும் உயிர் போய்விடும். சில வாரங்களிலேயே முளைக்கும் ஆற்றல் குன்றும். ஆகவே மாவுக்கு வரப்போரத்தில் நிற்கும் மரமே விதைக்களஞ்சியம். அதை வெட்டுவது களஞ்சியத்துக்குத் தீ வைப்பதற்கு ஒப்பாகும்.

உழவர் பக்கத்து நியாயத்தையும் நான் மறுக்கவில்லை. ஒட்டு மரம் மூன்று நான்கு ஆண்டுகளில் காய்க்கத் தொடங்கும். கொட்டை மரத்துக்கு அதைப் போல் இரு மடங்கு காலமும் அதற்கு மேலும் ஆகலாம். காய்த்த பின்னும் பழம் இனிக்குமோ புளிக்குமோ தெரியாது. அதை நம்பி எவரும் கடன் வாங்க இயலாது. தோப்பு முழுவதும் ஒட்டு மரமே இருக்கட்டும். ஆனால் தோப்பின் மூலையில் ஒரு கொட்டை மரம் நின்றால் நட்டமென்ன? அதன் மாவடுவும் ஊறுகாய்க் காயும் வீட்டுக்கு ஆகும். நிழலோ வழிப்போக்கர் அனைவருக்கும் ஆகும்.

இதில் நம் பங்கும் உண்டு. வீட்டில் மரத்தை வெட்டும் பேச்சு எழும்போது, "இந்த மரம் எப்போது காய்க்கும்? காய் எதற்கு ஆகும்?" என்று பாட்டியிடம் கேட்டு எழுதி வைப்போம். பெயரில்லாத மரத்துக்கு ஒரு பெயரிடுவோம். பெயருள்ளதை வெட்டக் கை சற்றே தயங்கும். இந்தக் கோடையில் சுவைத்த பழத்தின் கொட்டையைக் குப்பையில் எறியாமல், ஈரம் காயுமுன் மண்ணில் ஊன்றுவோம். அது தேமாவாகலாம், புளிமாவாகலாம். எதுவாயினும் உலகில் அதைப் போல் இன்னொன்று இராது.