ஓசுன்னா பாய் மட்டும்தானா?

யசுஜிரோ ஓசு பத்தி எழுதற நம்ம பதிவர்கள் எல்லாரும் ஒரே பல்லவிதான்: அசையாத கேமரா, பாயில் உட்கார்ந்த குடும்பம், 'டோக்கியோ ஸ்டோரி' (1953). சாமிகளா, அவரோட 1930 மௌனப்படம் 'வாக் சியர்ஃபுல்லி'யைப் பார்த்துட்டு ஜல்லியடிங்க! கென்ஜி ஒரு திருடன். டைப்பிஸ்ட் யாசுயே மேல காதல். கேமரா நகருது, ரவுடிங்க சேர்ந்து ஸ்டெப் போடறாங்க, ஹாலிவுட் வாசனை தூக்கலா அடிக்குது. ஆனா காதல் வந்ததும் சுபம் போடலை. ஜன்னல் துடைச்சுப் பிழைக்கிறான்; பழைய குற்றத்துக்கு ஜெயிலுக்கும் போறான். உழைச்சுச் சாப்பிடற சாதாரண வாழ்க்கை மேல ஓசுவுக்கு இருந்த மரியாதை அப்பவே தெரியுது. இதைக் கத்துக்குட்டி வேலைன்னு ஒதுக்கறது சோம்பேறித்தனம். ஓடத் தெரியாம உட்கார்றது வேற, ஓடிப் பார்த்துட்டு உட்கார்றது வேற. ஓசு ரெண்டாவது ரகம். மறுக்கறவங்க படத்தைப் பார்த்துட்டு பின்னூட்டத்துக்கு வாங்க :-)