ஒரே படத்துக்குள் அடங்காத மேகி சியுங்

மேகி சியுங் என்றதும் உலக சினிமா ரசிகர்கள் 'இன் த மூட் ஃபார் லவ்' (2000) என்பார்கள். கழுத்தை இறுக்கிய சியோங்சம் உடை, கையில் நூடுல்ஸ் வாங்கிவரும் தூக்கு, குறுகலான படிக்கட்டு. எனக்கும் பிடித்த படம்தான். ஆனால் அதை மட்டும் வைத்து அவரைக் கொண்டாடினால், பெரிய நடிகையைச் சுவரொட்டியாகச் சுருக்கிவிடுவோம்.

1983இல் மிஸ் ஹாங்காங் போட்டியில் இரண்டாமிடம் பெற்றுத் திரைக்கு வந்தவர் அவர். 'போலீஸ் ஸ்டோரி'யில் ஜாக்கி சானின் காதலியாகக் கோபித்துக்கொள்வதும் அலறுவதும்தான் வேலை. அழகுப் பதுமை என்று முத்திரை விழுந்துவிட்டால் எந்த ஊர் சினிமாவும் லேசில் விடாது. 1988இல் இயக்குநர் வோங் கார் வாய் தன் முதல் படத்தில் அவரை நம்பி நிதானமான ஒரு பாத்திரம் கொடுத்தார். அங்கிருந்து பாதை மாறியது.

1991இல் ஸ்டான்லி குவானின் 'சென்டர் ஸ்டேஜ்'. 1935இல், 24 வயதில் தற்கொலை செய்துகொண்ட ஷாங்காய் மௌனப்பட நட்சத்திரம் ருவான் லிங்யூவாக நடித்தார். நடுநடுவே மேகி மேகியாகவே வந்து இயக்குநரிடம் சிரித்துப் பேசுவார். அடுத்த காட்சியில் மறுபடி ருவான். பெர்லினில் சிறந்த நடிகை விருது கிடைத்தது.

ஆனாலும் என் ஓட்டு, பீட்டர் சானின் 'காம்ரேட்ஸ்: ஆல்மோஸ்ட் எ லவ் ஸ்டோரி'க்குத்தான் (1996). எலி என்றால்தான் பயம் என்று சொன்ன மேகிக்காக முதுகில் மிக்கி மவுஸைப் பச்சை குத்திக்கொண்ட தாதா ஒருவர் நியூயார்க்கில் கொல்லப்படுகிறார். பிணவறையில் உடலைத் திருப்பச் சொல்லிப் பார்க்கிறார் மேகி. அந்தப் பொம்மையைக் கண்டதும் முதலில் சிரிப்பு வருகிறது. அது அப்படியே கேவலாக உடைகிறது. ஒப்பனையோ வசனமோ தேவைப்படவில்லை.

எத்தனை கெட்டப் போட்டார் என்று எண்ணிப் பன்முக நடிப்பை அளக்கிறோம். ஒரே முகத்தில் ஓர் உணர்ச்சி இன்னொன்றாக மாறுவதைப் பொய்யில்லாமல் காட்டுவதுதான் கடினம்.

2004இல் 'க்ளீன்' படத்தில் போதையிலிருந்து மீளப் போராடும் தாயாக நடித்து, கான் விழாவில் சிறந்த நடிகை விருது பெற்ற முதல் ஆசியப் பெண்ணானார். பிறகு நடிப்பை ஏறக்குறைய நிறுத்திக்கொண்டார். வீணடித்துவிட்டார் என்று புலம்புகிறவர்கள், ஏற்கெனவே செய்துவைத்ததில் எத்தனை படம் பார்த்திருக்கிறார்கள்? நம் திரைப்பட விழாக்காரர்களும் சியோங்சம் படத்தையே சுற்றிச்சுற்றிப் போடாமல், 'காம்ரேட்ஸ்' போடட்டும்.