பெயரும் பொருளும்: ஆஸியா

 

வாசகி ஒருவர் மிகுந்த கவலையுடன் எழுதியுள்ளார். அவருடைய பேத்திக்கு ஏழாம் நாளன்று ஆஸியா எனப் பெயர் சூட்டினார்களாம். விருந்துக்கு வந்திருந்த உறவினர் ஒருவர், "இது நபி (ஸல்) அவர்கள் மாற்றிய பெயராயிற்றே!" என்று கூறிவிட்டார். அன்று முதல் குழந்தையைப் பெயர் சொல்லி அழைக்கவே அதன் தாய் தயங்குகிறாளாம். பெயரை மாற்றத்தான் வேண்டுமா என்பது பாட்டியின் வினா.

உறவினர் கூறியதற்கு ஆதாரம் உண்டு. உமர் (ரலி) அவர்களின் மகள் ஒருவரது பெயரை அண்ணலார் (ஸல்) அவர்கள் ஜமீலா என மாற்றிய செய்தி ஸஹீஹ் முஸ்லிமில் இப்னு உமர் (ரலி) அவர்கள் வாயிலாகப் பதிவாகியுள்ளது. ஜமீலா என்றால் அழகி. ஆயின் மாற்றப்பட்ட அந்தப் பெயர் வேறு. உங்கள் பேத்தியின் பெயர் வேறு.

அரபியில் இரண்டையும் எழுதிப் பாருங்கள். மாற்றப்பட்ட பெயர் 'அய்ன்' எழுத்தில் தொடங்கி 'ஸாத்' எழுத்தைக் கொண்டு வரும். மாறு செய்தல் என்னும் வேரிலிருந்து பிறந்த அச்சொல்லுக்கு, கீழ்ப்படியாதவள் என்று பொருள். மற்றதோ 'அலிஃப்' எழுத்தில் தொடங்கி 'ஸீன்' எழுத்தைக் கொண்டு வரும். காயத்துக்கு மருந்திடுதல், துயருற்றவரைத் தேற்றுதல் என்னும் பொருளுடைய வேரோடு அதனை இணைப்பர். கட்டடத்தைத் தாங்கும் தூண் என்ற பொருளும் அதற்குண்டு. அரபுச் செவிக்கு வெவ்வேறாக ஒலிக்கும் இவ்விரண்டும் தமிழ் எழுத்தில் ஒன்றுபோல் ஆகிவிடுகின்றன. குழப்பம் இங்கேதான் பிறக்கிறது. குறை பெயரில் இல்லை.

இரண்டாவது பெயருக்கு உரியவர் யார்? ஃபிர்அவ்னின் மனைவியார். திருக்குர்ஆன் அவரைப் பெயர் சுட்டாமல் ஃபிர்அவ்னின் மனைவி என்றே குறிப்பிடுகிறது. ஆஸியா என்ற பெயரை நமக்குத் தருவது ஹதீஸ். பெண்களில் நிறைவு பெற்றோராக மர்யம் (அலை) அவர்களுடன் இவரையும் நபி (ஸல்) அவர்கள் குறிப்பிட்டதைப் புகாரியிலும் முஸ்லிமிலும் காணலாம்.

ஆண் குழந்தைகளைக் கொன்று குவித்தவனின் அரண்மனையில் இருந்துகொண்டே, மூஸா (அலை) அவர்களைக் கொல்லாதீர்கள், அவர் நமக்குக் கண் குளிர்ச்சியாவார் என்று வேண்டியவர் அவர் (28:9). அந்த அரண்மனையின் செல்வத்தை ஒரு பொருட்டாகக் கருதாமல், சுவனத்தில் தமக்கொரு வீட்டை அமைத்துத் தருமாறு இறைவனிடம் இறைஞ்சினார். இறை நம்பிக்கை கொண்டோர் அனைவருக்கும் அவரையே முன்மாதிரியாக அல்லாஹ் காட்டுகிறான் (66:11). பெண்களுக்கு மட்டும் என்று அவன் கூறவில்லை என்பதைக் கவனியுங்கள்.

இப்பெயர் நம் தமிழகத்துக்கும் புதிதன்று. கீழக்கரையில் ஞானப் பாடல்கள் இயற்றிய பெண்மணியாரின் பெயரும் ஆசியா உம்மாதான்.

எனவே அம்மா, பெயரை மாற்ற வேண்டியதில்லை. ஒன்று மட்டும் செய்யுங்கள். உங்கள் மஹல்லா இமாமிடம் சென்று, அலிஃபும் ஸீனும் கொண்டு அப்பெயரை அரபியில் எழுதி வாங்கி, குழந்தையின் பிறப்புச் சான்றிதழுடன் பத்திரப்படுத்தி வையுங்கள். நாளை அவள் மதரஸாவில் தன் பெயரை எழுதப் பழகும்போதும், அரபு நாடொன்றில் ஆவணம் எழுதும்போதும் பிழை நேராது.

உறவினர் மீதும் வருத்தம் வேண்டாம். நன்மையை நாடியே அவர் சொல்லியிருப்பார். எனினும், பிள்ளை பெற்றவளின் மனம் நோகும் ஒரு சொல்லைச் சபையில் உரைக்குமுன், கற்றறிந்தவர் ஒருவரிடம் கேட்டுத் தெளிவது நம் அனைவரின் கடமையன்றோ?

தாயிடம் சொல்லுங்கள்: பிள்ளையை வாய் நிறைய ஆஸியா என்று அழைக்கட்டும். வஸ்ஸலாம்.