ராஜம்மாளாக மறைந்த ரோஸி

சேலத்திலிருந்து ஏற்காடு செல்லும் சாலையில் நிற்கும் மாடர்ன் தியேட்டர்ஸ் முகப்பு வளைவைப் பாராதவர் நம் பக்கத்தில் அரியர். திருச்செங்கோடு டி. ஆர். சுந்தரம் அவர்கள் நடத்திய அந்த ஸ்டூடியோவிலேதான் மலையாளத்தின் முதற் பேசும் படமாகிய ‘பாலன்’ உருவாகி, 1938-ஆம் ஆண்டு ஜனவரியில் வெளியாயிற்று. அதன் நாயகி எம். கே. கமலம். அவர் பெயரைச் சினிமா சரித்திரம் மறக்கவில்லை. சேலத்தவராகிய நமக்கும் அதில் சிறிது பெருமையுண்டு. ஆயினும், கமலத்துக்குச் சில ஆண்டுகள் முன்னரே மலையாள ஊமைப் படமொன்றில் நாயகியாகத் தோன்றிய மாதரசி ஒருவர் உண்டு. அவரை நேயர்களில் எத்தனை பேர் அறிவர்?

அவர் பெயர் பி. கே. ரோஸி. திருவனந்தபுரத்தில் ஏழைப் புலையர் குடும்பமொன்றிலே பிறந்தவர். தமிழும் மலையாளமும் கலந்து நடைபெறும் காக்காரிசி நாடகத்தில் நடித்துப் பழகியவர். அகஸ்தீஸ்வரத்து ஜே. ஸி. டானியல் என்பவர் தம் நிலத்தை விற்று, திருவனந்தபுரம் பட்டத்தில் ஸ்டூடியோ அமைத்து, ‘விகதகுமாரன்’ என்னும் படத்தைத் தொடங்கினார். பெண் வேஷத்துக்கு முதலில் பம்பாயிலிருந்து ஒரு நடிகையை வரவழைத்தார், அது ஒத்துவரவில்லை. உள்ளூரிலோ, ‘நல்ல குடும்பத்து’ ஸ்திரீகள் காமிரா முன் நிற்கத் துணியாத காலம் அது. எனவே ரோஸி அழைக்கப்பட்டார். கூலி வேலைக்குச் செல்பவர்போல் காலையில் சோற்றுப் பாத்திரத்துடன் வந்து, நடித்துவிட்டு, மாலையில் வீடு திரும்புவாராம்.

அவருக்குக் கிடைத்த வேஷம் ஸரோஜினி என்னும் நாயர் குலப் பெண். வினை அங்கேதான் விளைந்தது. வைக்கத்தில் கோயிலைச் சுற்றிய வீதிகளில் நடக்கும் உரிமைக்காகவே 1924-25-இல் சத்தியாக்கிரகம் செய்ய வேண்டியிருந்த ராஜ்யமல்லவா திருவிதாங்கூர்! 1930-இல் திருவனந்தபுரம் காபிடல் கொட்டகையில் படம் திரையிடப்பட்டது. ரோஸி இருக்கும் இடத்தில் தாம் இருக்க முடியாதென்று பிரமுகர்கள் மறுத்தமையால், தாம் நடித்த படத்தைக் காண நாயகிக்கே இடமில்லாது போயிற்று. நாயகன் அவர் கூந்தல் மலரை முத்தமிடும் காட்சி வந்ததும் கூட்டம் கொதித்தது. திரைமீது கற்கள் பறந்தன. வீதியில் அவரை அவமதித்தார்கள். பின்னர் அவர் குடிசைக்கும் தீயிட்டார்கள். ராமலீலையில் வேடர் குலத்தவர் ராமனாக நின்றால் கைகூப்புவோம் என்று பேசுகிறவர்களும் அக்கூட்டத்தில் இருந்திருப்பார்கள் என்றே நாம் எண்ணுகிறோம்.

ரோஸி ஒரு லாரியில் ஏறி நாகர்கோவிலுக்குத் தப்பினார். 1956-இல்தான் தமிழ்நாட்டோடு இணைந்த ஊர் அது; எனினும் பேச்சிலும் வாழ்விலும் அன்றே தமிழூர். அந்த லாரியை ஓட்டியவரே அவரை மணந்துகொண்டார். அவரோ நாயர் குலத்தவர்! திரையில் நாயர் பெண்ணாக வந்ததற்காகக் கல்லெறியப்பட்டவர், மெய்யாகவே ஒரு நாயர் வீட்டு மருமகளாய், ராஜம்மாள் என்ற பெயரோடு தமிழர் நடுவில் எஞ்சிய நாட்களைக் கழித்தார். பழைய கதையை வெளியில் சொன்னாரில்லை. மறுபடி நடிக்கவுமில்லை. அவர் நாடு நீங்கிய சில ஆண்டுகளுக்குப் பின், 1936 நவம்பரில், அதே திருவிதாங்கூரில் ஆலயப் பிரவேசப் பிரகடனம் வெளியாயிற்று.

டானியலும் கடனில் மூழ்கி, பல்வைத்தியராய்க் காலந்தள்ளி, 1975-இல் மறைந்தார். 1992 முதல் கேரள அரசாங்கம் அவர் பெயரால் விருது வழங்கிவருகிறது. ரோஸியின் முறை வரப் பின்னும் கால் நூற்றாண்டுக்கு மேல் ஆயிற்று: 2019-இல் கேரளத்துச் சினிமாப் பெண்கள் அவர் பெயரில் ஒரு திரைப்படக் கழகம் அமைத்தார்கள், 2023 பிப்ரவரியில் கூகிள் தன் முகப்பில் அவர் சித்திரத்தை வைத்தது.

அந்தச் சித்திரமும் கற்பனை கலந்ததே. அவருடையதென்று காட்டப்படும் நிழற்படம் ஐயத்துக்குரியது. படச்சுருளையோ டானியலின் சிறு மகன் விளையாட்டாய்த் தீயிட்டு எரித்துவிட்டான்.