நூற்றுக்கு ஐம்பது! எந்த நூற்றில்?

ஆடி பிறந்துவிட்டால் போதும், கோவை ஒப்பணக்கார வீதியிலும் கிராஸ்கட் ரோட்டிலும் ஜவுளிக் கடைக்காரர்களுக்குத் தர்ம சிந்தனை பிறந்துவிடுகிறது. "நூற்றுக்கு ஐம்பது தள்ளுபடி! அதற்கு மேலும் இருபது!" ஆடியில் கலியாணம் இல்லை, சரக்கு தேங்குகிறது, அதைக் காசாக்க வேண்டும். தர்மத்தின் ரகசியம் இதுதான். தேங்கிய சரக்கை மலிவாக விற்றால் நமக்கு ஆட்சேபம் இல்லை. கணக்கில் கண்கட்டு வித்தை காட்டினால் சும்மா இருக்க மாட்டோம்.

ஐம்பதும் இருபதும் எழுபது என்று நம்பி உள்ளே நுழைகிறார் மில் தொழிலாளி. 2,000 ரூபாய்ச் சேலையில் ஐம்பது போனால் மீதி 1,000. அடுத்த இருபது அந்த 1,000 ரூபாயில்தான்! ஆகவே கொடுக்க வேண்டியது 800. தள்ளுபடி நூற்றுக்கு அறுபதே. 600 என்று எண்ணிப் போனவர் 200 ரூபாய் கூடுதலாக அழுகிறார்.

இதைவிடப் பெரிய சூது விலைச் சீட்டில். 1,000 ரூபாய்ச் சேலைக்கு 1,500 என்று சீட்டு ஒட்டி, நூற்றுக்கு நாற்பது தள்ளினால் விலை 900. சொன்னது நாற்பது, கொடுத்தது பத்து! அச்சிட்ட விலைக்கு மேல் விற்கக் கூடாது என்கிறது சட்டம். துணிக்கு எந்த விலையை அச்சிடுவது என்பதோ அச்சிடுகிறவர் இஷ்டம்!

தோழர்களே, தள்ளுவதைப் பார்க்காதீர்கள்; கொடுப்பதைப் பாருங்கள். முப்பது தள்ளுபடி என்றால் நூற்றுக்கு எழுபது கொடுக்கிறோம். 850 ரூபாய் வேட்டிக்குக் கடைசி சைபரை நீக்கி, 85ஐ ஏழால் பெருக்குங்கள்: 595. அதே வேட்டி பக்கத்துக் கடையில் என்ன விலை என்றும் விசாரியுங்கள். காட்டு வேலைக்குப் போய்ச் சேர்த்த கூலியை விளம்பரத்துக்குப் பறிகொடுக்காதீர்கள்.

கடை வாசலில் கற்ற கேள்வியை மில் வாசலிலும் கேட்போம். போனஸ் குறைந்தபட்சம் நூற்றுக்கு 8.33 என்றார்கள். பன்னிரண்டில் ஒரு பங்கு, அதாவது ஒரு மாதச் சம்பளம் என்று மனம் குளிர்கிறது. எந்தச் சம்பளம்? 1965ஆம் வருஷத்துப் போனஸ் சட்டத்துக்கு 2015ல் வந்த திருத்தம், மாதம் 7,000 ரூபாய் அல்லது குறைந்தபட்சக் கூலி, இவற்றில் எது அதிகமோ அதுவரைதான் கணக்கு என்று வரம்பு கட்டியது. அதற்கு மேல் வாங்கிய சம்பளம் கணக்கில் ஏறவில்லை.

விற்கும்போது ஊதிப் பெருக்கிய தொகையில் சதவிகிதம்! கொடுக்கும்போது வெட்டிச் சுருக்கிய தொகையில் சதவிகிதம்! இரண்டிலும் நஷ்டம் உழைப்பாளிக்கே. எத்தனை சதவிகிதம் என்பது பாதிக் கேள்வி. எந்தத் தொகையில் என்பதே மீதிப் பாதி. இரண்டையும் சேர்த்தே கேட்போம்!